கவிதை, தேடல், கூட்டம்: என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கூட்டம் முடிந்து படியிறங்கும்போது, தொலைபேசியில், சில வேளை கொழும்பின் காலி வீதியில் பஸ் தரிப்பிடத்தில் நிற்கும்போதுகூட, ஒரே கேள்விகள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. அவசரத்தில் அரைகுறையாகப் பதில் சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்த பிறகு, "அடடா, இதையும் சொல்லியிருக்கலாமே" என்று மனம் அரிக்கும். அதனால் ஆறுதலாக இருந்து எழுதுகிறேன்.

கவிதை எழுதுவதுதான் உங்கள் தொழிலா?

இல்லை. முப்பத்தொரு வருடம் பாடசாலையில் தமிழ் படிப்பித்தேன். பிறந்த ஊர் கரவெட்டி. 1996இலிருந்து கொழும்பு, அதிலும் பெரும்பாலும் வெள்ளவத்தை. நான்கு கவிதைத் தொகுப்புகள் வந்திருக்கின்றன.

எங்கள் நாட்டில் தமிழ்க் கவிதையை நம்பி அடுப்பு மூட்டியவர்கள் இல்லை என்றே சொல்லலாம். மஹாகவி என்ற பெயரில் எழுதிய எங்கள் து. உருத்திரமூர்த்தி அரசாங்க உத்தியோகம் பார்த்தார். நீலாவணன் ஆசிரியர். சில்லையூர் செல்வராசன் பத்திரிகையிலும் வானொலியிலும் உழைத்தார். இதைக் குறையாகச் சொல்லவில்லை. சம்பளத்துக்கு ஒரு வேலை, மனதுக்கு ஒரு வேலை என்று இரண்டையும் சுமந்துகொண்டே அவர்கள் அவ்வளவு எழுதினார்கள். "வேலைக்குப் போவதால் எழுத நேரமில்லை" என்று வருந்தும் பிள்ளைகளுக்கு முதலில் இதைத்தான் சொல்வேன்.

"மரபைத் தேடுகிறேன்" என்கிறீர்கள். சரியாக என்ன செய்கிறீர்கள்?

பெரிதாக ஒன்றுமில்லை. வயது போனவர்களிடம் போய் இருந்து கேட்கிறேன். கேட்டதைக் கொப்பியில் எழுதுகிறேன்.

ஒரு நாள் நடந்ததைச் சொன்னால் விளங்கும். எங்கள் ஒழுங்கையில் ஓர் அடுக்குமாடியின் நாலாம் மாடியில் எனக்குத் தூரத்து உறவான ஒரு பெரியம்மா இருந்தார். தொண்ணூறு வயதுக்கு மேல். ஊரைவிட்டு வந்து இருபது வருடம், கடலைப் பார்த்த ஜன்னல், ஆனால் பேச்செல்லாம் பனங்காணியும் துலாக்கிணறும். கூழ் பற்றிக் கதைத்துக்கொண்டிருந்தபோது "பிளாவிலே குடிச்சால்தானே கூழ்" என்றார். பிளா என்ற சொல் எனக்குத் தெரியும். சின்ன வயதில் பார்த்தும் இருக்கிறேன், பனையோலையை மடித்துச் செய்யும் குடிகலம். ஆனால் அதை எப்படி மடிப்பது என்று எனக்குத் தெரியாது என்பது அந்த நிமிடம்தான் உறைத்தது.

கேட்டேன். பெரியம்மா சுற்றுமுற்றும் பார்த்தார். நாலாம் மாடியில் ஓலைக்கு எங்கே போவது? மேசையில் கிடந்த வீரகேசரிப் பத்திரிகையில் ஒரு தாளை எடுத்தார். நீளவாக்கில் மடித்தார், நடுவைக் கட்டைவிரலால் குழித்தார், முனைகளைக் கூட்டிப் பிடித்தார். நடுங்குகிற கைதான், ஆனால் மடிப்பு ஒவ்வொன்றும் அதனதன் இடத்தில் போய் விழுந்தது. "இதிலே ஈர்க்காலே கட்ட வேணும்" என்றார். பிறகு அந்தக் கடதாசிப் பிளாவை இரண்டு கையாலும் ஏந்தி, உறிஞ்சுகிற மாதிரி உதட்டுக்குக் கொண்டுபோனார். கண் மூடியிருந்தது.

அன்றைக்கு என் கொப்பியில் எழுதியவை: பிளா, ஈர்க்கு, துலா, ஆடுகால், துலாக்கொடி, பட்டை. ஆறு சொற்கள், கடைசி நான்கும் கிணற்றில் துலாவால் நீர் இறைப்பதோடு வருபவை. அவற்றிலிருந்து ஒரு கவிதை வர இரண்டு வருடம் ஆனது. பெரியம்மா அதைக் கேட்க இருக்கவில்லை.

இதைத்தான் தேடல் என்கிறேன். சொல் மட்டும் அகராதியில் இருந்தால் போதாது. அந்தச் சொல்லோடு கையும் விரலும் செய்த வேலை ஒன்று இருக்கிறது, அதைப் பார்த்தவர் எழுதி வைக்க வேண்டும்.

கொழும்பிலே இருந்துகொண்டு என்ன மரபு? அதற்கு யாழ்ப்பாணத்துக்கோ மட்டக்களப்புக்கோ அல்லவா போக வேண்டும்?

இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் நான் கொழும்பு நூதனசாலைக்குப் போகச் சொல்வேன். அங்கே ஒரு கல் நிற்கிறது. 1409ஆம் ஆண்டுக் கல். சீனக் கடற்படைத் தளபதி செங் ஹே கொண்டுவந்தது. சீனம், தமிழ், பாரசீகம் என்று மூன்று மொழியில் வெட்டியிருக்கிறார்கள். சீனப் பகுதி புத்தரைப் போற்றுகிறது, பாரசீகப் பகுதி இஸ்லாமிய வழியில் அல்லாவைப் போற்றுகிறது, தமிழ்ப் பகுதி தேவிநுவரையில் கோயில் கொண்டிருந்த தேனவரை நாயனாரைப் போற்றுகிறது. காணிக்கைப் பட்டியலில் பொன் 1000, வெள்ளி 5000 என்று வருகிறது. 1911இல் காலி நகரில் ஒரு மதகில் போட்டிருந்த கல்லாக இது கண்டெடுக்கப்பட்டது. எத்தனையோ காலம் தண்ணீர் ஓடிய இடத்தில் கிடந்த தமிழ் அது. மாணவர்களைக் கூட்டிக்கொண்டு போய் அதன் முன்னால் நிறுத்தினால் கொஞ்ச நேரம் சத்தமே இராது.

கல்லை விடுங்கள், மனிதர்கள்? கொட்டாஞ்சேனையில் ஒரு தெருவில் வடமராட்சிப் பேச்சு, அடுத்த தெருவில் மலையகப் பேச்சு. மருதானைப் பக்கம் முஸ்லிம் வீடுகளில் வேறொரு தமிழ். செட்டியார் தெருவில் நகைக்கடையில் நிற்பவருக்குத் தாய்வழி ஊர் தமிழ்நாட்டில். போரும் படிப்பும் வேலையும் எல்லா ஊர்த் தமிழையும் இந்த நகரத்தில் கொண்டுவந்து சேர்த்துவிட்டன. ஒரு கிழமையில் ஐந்து ஊர்த் தாலாட்டுக் கேட்க வேண்டுமென்றால் இதைவிட வசதியான இடம் எனக்குத் தெரியாது.

ஈழத்துக் கவிதை எப்போது தொடங்கியது?

சங்கப் பாடல்களிலேயே ஈழத்துப் பூதன்தேவனார் இருக்கிறார். அகநானூற்றில் மூன்று, குறுந்தொகையில் மூன்று, நற்றிணையில் ஒன்று, ஆக ஏழு பாடல்கள். பெயரோடு "ஈழத்து" என்ற அடையாளம் சேர்ந்து வந்திருக்கிறது. அதற்கு மேல் இங்கே நீட்டவில்லை.

மரபுக் கவிதை எழுத வேண்டுமா, புதுக்கவிதை எழுத வேண்டுமா?

உங்களுக்கு வருவதை எழுதுங்கள். ஆனால் யாப்பைத் தெரியாமல் வெறுக்காதீர்கள். அது என்னவெல்லாம் செய்யும் என்பதற்கு ஒரு வெண்பாவைச் சொல்கிறேன்.

கேகாலை மாவட்டத்தில் கோட்டகம என்ற இடத்தில் ஒரு கல்வெட்டுக் கிடைத்தது. யாழ்ப்பாணத்து ஆரியச் சக்கரவர்த்தியின் வெற்றியைச் சொல்வது. சிங்கைநகர் ஆரியனோடு சேராத மன்னர்களின் பெண்கள், கண்ணிலே கங்கணம் காட்டினார்களாம், கையிலே திலகம் இட்டார்களாம். கையில் இருக்க வேண்டிய கங்கணம் கண்ணுக்கு எப்படிப் போனது? நெற்றித் திலகம் கைக்கு எப்படி வந்தது? கங்கணத்தைப் பிரித்துப் பாருங்கள். கம் என்றால் நீர், கணம் என்றால் துளி. கண்ணீர்! அழுத முகத்தைத் துடைத்த கையில் பொட்டு ஒட்டிக்கொண்டது. அவ்வளவு துயரமும் நாலே அடிக்குள், கல்லில். வென்றவன் வெட்டுவித்த கல்தான், ஆனால் பாடியவனின் கண் தோற்றவர் வீட்டுப் பெண்களின் முகத்திலும் கையிலும்தான் நின்றிருக்கிறது. இதை முதன்முதலில் வாசித்த இரவு எனக்கு நித்திரை வரவில்லை.

அப்புறம் மஹாகவியைப் படியுங்கள். 1927இல் அளவெட்டியில் பிறந்து 1971இல் மறைந்துவிட்டார், நாற்பத்தைந்து வயதுகூட நிறையவில்லை. யாப்புக்குள்ளேயே இருந்துகொண்டு, சந்தி முனையில் இரண்டு பேர் கதைப்பது போன்ற பேச்சோசையைக் கொண்டுவந்தவர் அவர். குறும்பா என்ற ஐந்தடி வடிவத்தைத் தமிழில் ஊன்றியவரும் அவர்தான். வாய்விட்டு வாசியுங்கள். மரபா புதிதா என்ற சண்டை அந்த இடத்தில் தானாக அடங்கிவிடும்.

எங்கள் வீட்டில் தாத்தாவின் பாட்டுக் கொப்பி ஒன்று இருக்கிறது. என்ன செய்யலாம்?

தயவுசெய்து எறிய வேண்டாம். பழைய பேப்பர்காரரிடம் கொடுக்கவும் வேண்டாம். இதை நான் கெஞ்சியே கேட்கிறேன்.

1981 ஜூன் முதலாம் திகதி விடியும்போது யாழ்ப்பாணப் பொது நூலகம் சாம்பலாகிக் கிடந்தது. ஏறத்தாழ 97,000 நூல்கள், அவற்றோடு ஓலைச்சுவடிகள். நான் அப்போது பள்ளி மாணவி. அந்த இழப்புக்குப் பிறகு எங்களில் பலருக்கு ஒற்றைப் பிரதி என்ற சொல்லே பயத்தைத் தருகிறது. ஒரு கொப்பி ஒரே இடத்தில் இருந்தால் அது பாதி தொலைந்த மாதிரித்தான்.

செய்ய வேண்டியது இதுதான். முதலில் தொலைபேசியாலேயே ஒவ்வொரு பக்கத்தையும் நல்ல பகல் வெளிச்சத்தில் படம் எடுங்கள். பக்கம் ஒட்டியிருந்தால் பிரிக்க முயல வேண்டாம். முதற்பக்கப் படத்தோடு, எழுதியவர் யார், எந்த ஊர், ஏறத்தாழ எந்தக் காலம் என்று தாளில் எழுதி அதையும் படம் எடுத்துவிடுங்கள். இது இல்லாத படங்கள் பத்து வருடம் கழித்து அநாதையாகிவிடும். பிறகு நூலகம் நிறுவனத்தைத் தொடர்புகொள்ளுங்கள். 2005இல் தொடங்கி, ஈழத்து நூல்கள், சஞ்சிகைகள், பத்திரிகைகள் எல்லாவற்றையும் எண்ணிம வடிவில் சேர்த்து எவரும் இலவசமாக வாசிக்க வைத்திருக்கிறார்கள். எங்கோ கனடாவில் இருக்கும் ஒரு பேரப்பிள்ளை, தன் தாத்தா 1950களில் எழுதிய கவிதையை அங்கே கண்டெடுத்து என்னோடு தொலைபேசியில் அழுதிருக்கிறாள்.

பாட்டை யாராவது இன்னும் பாடத் தெரிந்தவர் வீட்டில் இருந்தால், கொப்பிக்கு முன்னால் அவரைப் பதிவு செய்யுங்கள். கொப்பி இன்னும் பத்து வருடம் பொறுக்கும்.

என் கவிதையைப் பார்த்துத் திருத்தித் தருவீர்களா?

பார்ப்பேன். திருத்த மாட்டேன். கேள்வி கேட்பேன்.

மலையகத்துத் தேயிலைத் தோட்டப் பகுதியான மஸ்கெலியாவிலிருந்து வந்து புறக்கோட்டையில் ஒரு கடையில் வேலை செய்யும் தம்பி ஒருவர், தன் அம்மாவைப் பற்றி ஒரு கவிதை கொண்டுவந்தார். "பசுமைக் கடலில் மிதக்கும் தெய்வமே" என்று தொடங்கியது. நல்ல பிள்ளை, நல்ல நோக்கம். ஆனால் அந்த வரியில் அவருடைய அம்மா இல்லை. யாருடைய அம்மாவாகவும் இருக்கலாம்.

"தம்பி, அம்மா விடிய எத்தனை மணிக்கு எழும்புவா?" என்று கேட்டேன். நாலரைக்கு என்றார். "எழும்பி?" ரொட்டி சுடுவா, பெரட்டுக்கு, அதாவது விடிய வேலைக்கு ஆள் பிரிக்கும் இடத்துக்குப் போவா. "மலைக்குப் போகும்போது என்ன கட்டிக்கொண்டு போவா?" படங்கு, ரீச்சர். (இடுப்பைச் சுற்றிக் கட்டும் முரட்டுத் துணி.) "அது எப்படி இருக்கும்?" கொஞ்சம் யோசித்தார். "காலையிலே லேசா இருக்கும். பனியிலே செடியெல்லாம் நனைஞ்சு, அதிலே உரசி உரசி, பத்து மணிக்கெல்லாம் கல்லு மாதிரி கனக்கும். அதோடதான் கொழுந்துக் கூடையும்" என்றார்.

"இதை எழுதுங்கள்" என்றேன். எழுதினார். கடலும் தெய்வமும் போய்விட்டன. பத்து மணிக்குக் கனக்கும் படங்கு வந்துவிட்டது. அந்தக் கவிதை ஒரு சஞ்சிகையில் வந்தபோது அவருடைய அம்மாவுக்கு வாசித்துக் காட்டினாராம். "ஆமா, அப்படித்தான் கனக்கும்" என்று மட்டும் சொன்னாராம் அம்மா. எனக்குத் தெரிந்து இதைவிடச் சிறந்த விமர்சனம் எந்தக் கவிதைக்கும் கிடைத்ததில்லை.

மலையகத்துக்கு இந்த வழியை முன்பே காட்டிப் போனவர் சி. வி. வேலுப்பிள்ளை. ஆங்கிலத்திலும் எழுதினார், அதோடு தோட்ட மக்களின் பாடல்களைத் தேடித் தேடிச் சேர்த்தும் வைத்தார். கவிஞன் தன் சனத்தின் வாய்ப்பாட்டைச் சேர்ப்பதும் அவனுடைய எழுத்து வேலைதான் என்று நான் நம்புவதற்கு அவரும் ஒரு காரணம்.

முதல் தொகுப்புப் போட வேண்டும். எங்கே தொடங்குவது?

முதலில், அவசரப்படாதீர்கள். ஐம்பது கவிதை இருந்தால் முப்பதை எடுங்கள். எதை விடுவது என்று தெரியாவிட்டால், உங்களைப் புகழாத ஒருவரிடம் கொடுத்துக் கேளுங்கள்.

அடுத்தது எழுத்துரு. இது சின்ன விஷயமாகத் தெரியும், ஆனால் இங்கேதான் பல பேருக்கு அடி விழுகிறது. இங்கே பலர் இன்னும் பாமினி என்ற பழைய எழுத்துருவில் தட்டச்சுச் செய்கிறார்கள். அதை ஒருங்குறிக்கு (யுனிகோடு) மாற்றும்போது கொம்பும் காலும் இடம் மாறும், சில எழுத்து வேறெழுத்தாகும். என் இரண்டாவது தொகுப்பில் அச்சகத்தில் ஒரு கவிதையின் கடைசி மூன்று வரிகள் விழுந்துபோயின. அந்தக் கவிதை முடியாமலே முந்நூறு வீட்டுக்குப் போனது. நான் கடைசி மெய்ப்பைக் கணினித் திரையில் மட்டும் பார்த்ததால் வந்த வினை. ஆகவே அச்சுக்குப் போகும் கடைசிப் படியைக் கடதாசியில் எடுத்து, பேனையோடு இருந்து, வாய்விட்டு வாசியுங்கள். வேறொருவர் மூலத்தை வைத்துக்கொண்டு பக்கத்தில் இருக்கட்டும்.

பன்னாட்டுத் தர நூல் எண் கொழும்பு 7இல் உள்ள தேசிய நூலகத்தில் கிடைக்கும். இலங்கை நூல்களுக்கு 978க்குப் பிறகு 955 அல்லது 624 என்று வரும். அது இல்லாமல் நூலகங்கள் வாங்குவது கஷ்டம், விருதுக்கு அனுப்புவதும் கஷ்டம்.

எத்தனை பிரதி? 300 போதும். 2022இல் காகிதத் தட்டுப்பாட்டால் பாடசாலைப் பரீட்சைகளையே பிற்போட்டார்கள், நினைவிருக்கும். அதற்குப் பிறகு அச்சுக் கூலி பழைய நிலைக்கு இறங்கவே இல்லை. கடன்பட்டு ஆயிரம் அடித்துக் கட்டிலுக்குக் கீழே வைத்திருப்பவர்களை எனக்குத் தெரியும். நகையை அடகு வைத்துப் புத்தகம் போட வேண்டாம் பிள்ளைகளே.

வெளியீட்டு விழா கட்டாயமா? அதெல்லாம் வீண் செலவு என்கிறார்களே?

கட்டாயமில்லை. ஆனால் வீண் என்று சொல்ல மாட்டேன்.

எங்கள் ஊர் வழக்கம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். மங்கல விளக்கேற்றி, தமிழ்த்தாய் வாழ்த்து, வரவேற்புரை, தலைமையுரை, வெளியீட்டுரை, நயவுரை என்று போகும். முதற்பிரதியை ஒருவர் பெற்றுக்கொள்வார். அதன்பிறகு சிறப்புப் பிரதி. பெயர் வாசிக்க வாசிக்க ஒவ்வொருவராக மேடைக்குப் போய், ஒரு கடித உறையைக் கொடுத்துவிட்டுப் புத்தகத்தை வாங்கி, படத்துக்கு நிற்பார்கள். நேரம் எடுக்கும். பின்வரிசையில் பிள்ளைகள் அழும். ஆனால் அந்த உறைகள்தான் அச்சகக் கணக்கைத் தீர்க்கின்றன. புத்தகத்தின் விலையைவிடக் கூட வைத்துத் தருபவர்கள் நிறையப் பேர், அதிலும் ஓய்வூதியத்தில் வாழ்பவர்கள். பதிப்பகம், முற்பணம், உரிமைத்தொகை என்பதெல்லாம் பெரும்பாலும் இல்லாத இடத்தில், ஒரு சமூகம் தன் எழுத்தாளரைத் தாங்கக் கண்டுபிடித்த வழி இது. எனக்கு இதில் பெரிய மரியாதை உண்டு.

ஒன்றே ஒன்று: நயவுரை சொல்பவர் புத்தகத்தை வாசித்திருக்க வேண்டும். விழாவுக்கு மூன்று கிழமைக்கு முன்னாவது கொடுத்துவிடுங்கள். எழுதியவரின் குடும்பம், படிப்பு, பதவி பற்றி அரை மணி நேரம் பேசிவிட்டு ஒரு கவிதையும் சொல்லாமல் இறங்கும்போது முன்வரிசையில் இருக்கும் அந்தப் புதுக் கவிஞரின் முகத்தைப் பார்த்திருக்கிறேன். அதனால் நான் பேசப் போனால் குறைந்தது மூன்று கவிதையாவது முழுதாக வாசித்துவிட்டுத்தான் மற்றக் கதை.

கொழும்பில் கவிதை கேட்க எங்கே போகலாம்?

வெள்ளவத்தை 57ஆம் ஒழுங்கையில் உள்ள கொழும்புத் தமிழ்ச் சங்கம். 1942இல் தொடங்கியது. மண்டபத்தில் நிகழ்ச்சி இல்லாத நாளிலும் நூல்நிலையத்துக்குப் போங்கள். முழுமதி நாளில் கவியரங்கு வைக்கும் வழக்கத்தை வலம்புரி கவிதா வட்டம், வகவம் என்று சுருக்கிச் சொல்வோம், நெடுங்காலமாகப் பேணி வந்திருக்கிறது. போயா விடுமுறை என்பதால் கடைகளில் வேலை செய்பவர்களும் வரலாம். அங்கே மேடையேறிப் பழகியவர்கள் பலர். பம்பலப்பிட்டி சரஸ்வதி மண்டபம், வெள்ளவத்தை இராமகிருஷ்ண மிஷன் மண்டபம் ஆகியவற்றிலும் அவ்வப்போது ஏதாவது இருக்கும். ஞாயிறுப் பத்திரிகையைப் பார்த்தால் தெரியும். செப்டெம்பர் இலக்கிய மாதம், பண்டாரநாயக்க ஞாபகார்த்த மண்டபத்தில் புத்தகக் கண்காட்சியும் அப்போதுதான்.

புத்தகம் வாங்க, செட்டியார் தெருவிலும் வெள்ளவத்தையிலும் பூபாலசிங்கம் புத்தகசாலை.

சஞ்சிகைக்கு அனுப்புவதில் பயனுண்டா?

உண்டு, நிறைய உண்டு. டொமினிக் ஜீவா 1966இல் யாழ்ப்பாணத்தில் மல்லிகையைத் தொடங்கினார். பிறகு கொழும்பு ஸ்ரீ கதிரேசன் வீதியிலிருந்து நடத்தினார். சஞ்சிகையைத் தானே கையில் சுமந்துகொண்டு போய் விற்றவர். 2021இல் மறைந்தார். அவர் ஒருவர் போட்ட முதற்கவிதையால், முதற்சிறுகதையால் எழுத வந்தவர்கள் எத்தனை பேர்! 2000இலிருந்து ஞானம் சஞ்சிகை வந்துகொண்டிருக்கிறது. சந்தா கட்டுங்கள். எழுத மட்டும் ஆசைப்பட்டு, சந்தா கட்ட மனமில்லாமல் இருந்தால் எந்தச் சஞ்சிகை நிற்கும்?

சிங்களத்தில் உங்கள் கவிதைகள் வந்திருக்கின்றனவா?

சில. நுகேகொடையில் இருக்கும் ஒரு நண்பி மொழிபெயர்க்கிறார். பிளா கவிதையை வாசித்துக் காட்டியபோது அவர் முகம் மலர்ந்தது. சிங்களத்தில் "பில" என்றால் பழைய வீட்டுத் திண்ணை. அவர் கேட்டது ஒரு திண்ணைக் கவிதை! நான் ஓலைக்கலத்தை விளக்க, அவர் தன் ஆச்சி பாய் விரித்துப் படுத்த திண்ணையைச் சொல்ல, அன்று பின்னேரம் மொழிபெயர்ப்பு ஒரு வரிகூட நகரவில்லை. ஆனால் அவர் சொன்ன திண்ணை இப்போது என் அடுத்த கவிதையில் இருக்கிறது.

மற்றவர்களுக்கே இவ்வளவு நேரத்தைக் கொடுத்தால் நீங்கள் எப்போது எழுதுவது?

விடிய. ஐந்து மணிக்கு, முதல் ரயில் கடற்கரைப் பாதையில் போகும் சத்தத்தோடு. மற்றவர்களோடு இருக்கும் நேரம் எழுத்துக்கு வெளியே இருப்பதாக எனக்குத் தோன்றியதில்லை. படங்கு என்ற சொல்லை எனக்கு அந்தத் தம்பிதான் தந்தார்.

உங்கள் வீட்டுக் கூட்டத்துக்கு யாரும் வரலாமா? என்ன கொண்டுவர வேண்டும்?

வரலாம். மாதத்தின் கடைசி ஞாயிறு, பின்னேரம் நாலு மணி. பத்துப் பன்னிரண்டு பேர் வருவோம். பிளேன்ரீயும் ஏதாவது கடியும் இருக்கும். மேடை, மாலை, பொன்னாடை ஒன்றும் கிடையாது. உங்கள் கவிதை ஒன்று, உங்களுக்குப் பிடித்த இன்னொருவரின் கவிதை ஒன்று, உங்கள் வீட்டுப் பெரியவர் சொல்லும் ஒரு சொல், இவ்வளவும் கொண்டுவாருங்கள். அந்தச் சொல்லைப் பொதுக் கொப்பியில் எழுதி, சொன்னவர் யார், எந்த ஊர் என்றும் குறித்துவிடுவோம். இப்போது மூன்றாவது கொப்பி ஓடுகிறது.

கவிதையைப் பெரிய எழுத்தில் அச்செடுத்து வாருங்கள். எங்களோடு இருக்கும் ஐயா ஒருவருக்குக் கண் மங்கல், ஆனால் தானே வாசிக்க வேண்டும் என்பார். மின்தூக்கி சில நாளில் வேலை செய்யாது. மூன்றாம் மாடிதான், ஆறுதலாக ஏறி வாருங்கள்.